மீன் பேசினால் மோசமா?

நமது தோழர்கள் சிலர், வீட்டுப் பிள்ளைகளுக்கு மாயக் கதை சொல்லுவதையே அடியோடு நிறுத்திவிட வேண்டும் என்கின்றார்கள். மீன் பேசுகிறது, கண்ணாடி பதில் சொல்லுகிறது, பூசணிக்காய் ரதமாகிறது, தவளை ராஜகுமாரனாகிறது என்பவைகளெல்லாம் பொய்யல்லவா, பொய்யைக் கேட்டு வளரும் பிள்ளை நாளைக்குச் சாமியாடியையும் ஜோசியனையும் நம்பாமல் வேறென்ன செய்யும் என்பது அவர்களுடைய வாதம். பார்வைக்கு இது நியாயமாகவே தோன்றும். ஆனால் நமது அபிப்பிராயம் வேறு. மீன் பேசுவதால் ஒரு மோசமும் வந்துவிடாது. அந்த மீன் என்ன பேசுகிறது, யாருக்காகப் பேசுகிறது என்பதில்தான் மோசம் இருக்கின்றது. ஆகவே மாயக் கதைகளைக் கொளுத்துவதைவிட, அவைகளைச் சிரிக்கச் சிரிக்க மாற்றிச் சொல்லுவதே அறிவுக்காரர் செய்யத்தக்க வேலை என்கின்றோம்.

முதலாவது, பிள்ளைகள் ஏமாளிகள் அல்ல. "ஒரு ஊரிலே ஒரு ராஜா" என்று ஆரம்பித்த உடனே இது கதை என்று நாலு வயதுப் பிள்ளைக்குத் தெரியும். பேசுகிற மீனைப் பற்றி இரவில் கேட்டுவிட்டு, மறுநாள் காலையில் எந்தப் பிள்ளையாவது கூடையிலிருக்கும் வஞ்சிர மீனிடம் வழி கேட்டதுண்டா? ஏமாறுகின்றவர்கள் பெரியவர்களே. ஏனென்றால் அவர்களிடம் கதை சொல்லுகிறவன் இது கதை என்று சொல்லுவதில்லை. சத்தியம் என்று சொல்லுகிறான். சொல்லி முடித்ததும் உண்டியலை நீட்டுகிறான்.

இதற்கு அத்தாட்சி தேடி நெடுந்தூரம் போக வேண்டாம். சென்னையில் அடையாற்று முகத்துவாரத்துக்குத் தெற்கே, கடற்கரையோரமாக ஊரூர் ஒல்காட் குப்பம் என்ற மீனவர் குப்பம் இருக்கின்றது. அப்பெயரிலுள்ள ஒல்காட், பிரம்மஞான சபையை ஸ்தாபித்தவர்களில் ஒருவரான அமெரிக்கக் கர்னல். மற்றப் பள்ளிக்கூடங்கள் கிட்டச் சேர்க்காத 'பஞ்சமர்' பிள்ளைகளுக்கென்று 1894-இல் அடையாற்றில் இலவசப் பள்ளிக்கூடம் வைத்தவர். அதை நாம் மனமாரப் பாராட்டுகின்றோம். ஆனால் அதே சபை 1882-இல் அடையாற்றுக்குக் குடிவந்த பிறகு, இமயமலைக்கு அப்பாலிருக்கும் மகாத்மாக்களுடைய கடிதங்கள் தபால்காரனில்லாமலே அங்குள்ள ஓர் அலமாரியில் வந்து சேருகின்றன என்று சொல்லப்பட்டது. நம்பியவர்கள் பிள்ளைகளா? இல்லை, படித்துப் பட்டம் பெற்ற பெரிய மனிதர்கள். லண்டனிலிருந்து ஓர் ஆராய்ச்சிச் சங்கம் ஆள் அனுப்பி விசாரித்து, 1885-இல் இது மோசடி என்று அறிக்கை போட்டது. அந்த அறிக்கை சரியா தப்பா என்று நூறு வருஷம் கழித்து 1986-இல்கூட விவாதம் நடந்தது. இதையே ஒரு கதையாகக் குப்பத்துப் பிள்ளையிடம் சொல்லியிருந்தால், "அலமாரிக்குப் பின்பக்கம் கதவு உண்டா?" என்று ஒரே கேள்வியில் காரியத்தை முடித்திருக்கும்.

நிற்க. அப்படியானால் மாயக் கதைகளில் குற்றமே இல்லையா என்று கேட்டால், உண்டு. ஆனால் அது மாயத்தில் இல்லை. ஜெர்மனி தேசத்தில் கிரிம் என்னும் சகோதரர் இருவர் 1812-இல் நாட்டுக் கதைகளைத் திரட்டி அச்சிட்டார்கள். உலகமெங்கும் இன்று பிள்ளைகள் படிக்கும் கதைகளில் பல அப்புத்தகத்தில் உள்ளவை. அதில் ஒரு ராணி, தேசத்தில் யார் அழகி என்று நிலைக்கண்ணாடியைக் கேட்கிறாள். பனியைப் போல் வெளுத்த பெண்ணே அழகி என்று கண்ணாடி பதில் சொல்லுகிறது. கண்ணாடி பேசியதைப் பிள்ளை நம்புவதில்லை. ஆனால் வெளுப்புத்தான் அழகு என்பதை நம்பிவிடுகிறது. பொய்யென்று தெரிந்த பெரிய விஷயத்துக்குள்ளே மெய்யைப் போன்ற ஒரு சின்ன விஷயத்தை மடித்து வைத்துக் கொடுத்துவிடுகிறார்கள். வாழைப்பழத்துக்குள் ஊசி ஏற்றுவது என்பது இதுதான்.

மீனவர் கதையையே எடுத்துக்கொள்ளுங்கள். அதே கிரிம் புத்தகத்தில் ஒரு மீனவன் மாய மீனைப் பிடித்து விட்டுவிடுகிறான். அவன் பெண்சாதி, நாறும் குடிசைக்குப் பதில் ஒரு சிறு வீடு கேட்கிறாள், கிடைக்கிறது. பிறகு மாளிகை, ராஜ பதவி, சக்கரவர்த்தி பதவி, போப்பாண்டவர் பதவி என்று கேட்டுக்கொண்டே போய்க் கடைசியில் கடவுளாக வேண்டும் என்கிறாள். உடனே எல்லாம் மறைந்து பழைய குடிசைக்கே வந்துவிடுகிறார்கள். ருஷிய தேசத்துக் கவி புஷ்கினும் 1833-இல் இதே கதையைப் பாட்டாகப் பாடியிருக்கிறார். பேராசை கூடாது என்பது நீதியாம். நாம் கேட்கின்றோம்: பிறக்கும்போதே மாளிகையில் பிறந்து, பக்கத்து ராஜ்யத்தையும் வேண்டும் என்று படையெடுத்த எந்த ராஜாவையாவது ஒரு மீன் குடிசைக்கு அனுப்பியதுண்டா? மீன்காரி முதலில் கேட்டது ஒழுகாத வீடு. அதையும் பேராசைக் கணக்கில் சேர்த்தவன் யார்?

இது அன்னிய தேசத்துக் கதை என்று நம்மவர்கள் சந்தோஷப்பட வேண்டாம். நமது திருவிளையாடற் புராணத்தில், சிவன் வேதப் பொருள் உபதேசிக்கும்போது பார்வதி கவனமில்லாமல் இருந்ததற்காக, மீன்பிடிக்கும் குலத்துப் பெண்ணாகப் போகும்படி சபிக்கப்படுகிறாள். பிறகு கடவுளே வலைவீச வருகிறார், கேட்கிறவர்களுக்கு ஆனந்தமாயிருக்கிறது. ஆனால் குப்பத்துப் பிள்ளை இதைக் கேட்டால் முதலில் என்ன கேட்கும்? "நம் வீட்டில் பிறப்பது ஒரு தண்டனையா?" என்றுதானே கேட்கும்! பெரிய புராணத்தில் நாகப்பட்டினத்து அதிபத்தர், தினமும் வலையில் விழும் மீன்களில் ஒன்றைச் சிவனுக்கென்று கடலில் விடுகிறார். ஒரே மீன் அகப்படும் பஞ்ச நாளிலும் அதை விட்டுவிட்டுக் குடும்பத்தோடு பட்டினி கிடக்கிறார். கடைசியில் பொன் மீன் வந்ததையும் கடலிலேயே விடுகிறார். ஜெர்மனியில் மீன்காரி கேட்டால் பாவம். நாகப்பட்டினத்தில் மீனவன் கேட்காமல் பட்டினி கிடந்தால் புண்ணியம். இரண்டு கதையும் ஆயிரக்கணக்கான மைல் தள்ளிப் பிறந்தும், ஏழைக்குச் சொல்லும் புத்தி ஒன்றாகவே இருக்கின்றது பாருங்கள்!

இதற்கு மருந்து என்ன? கதையைத் தடுப்பதல்ல, மாற்றிச் சொல்லுவது. இதற்குத் தமிழிலேயே நல்ல உதாரணம் இருக்கின்றது. ஆற்றைக் கடந்த கூட்டம், எல்லோரும் கரை சேர்ந்தோமா என்று எண்ணிப் பார்க்கிறது. எண்ணுகிறவன் தன்னை விட்டுவிட்டு எண்ணுவதால் ஒரு ஆள் குறைகிறது. எல்லோரும் ஒப்பாரி வைக்கிறார்கள். இக்கதையை வேதாந்திகள் ஆத்மஞானத்துக்கு உதாரணமாகச் சொல்லுகிறார்கள். அவர்கள் கையில், "பத்தாவது ஆள் நீயே" என்று காட்டிக் கொடுக்கும் குரு பெரியவராகிறார். இங்கிலாந்தில் கோதம் என்ற ஊர்க்காரரைக் கேலி செய்யும் பழைய கதையிலும் இது உண்டு. அங்கே எண்ணத் தெரியாமல் அழுகின்றவர்கள் மீன்பிடிக்கப் போன பன்னிரண்டு பேர். குதிரைமேல் வந்த கனவான்தான் அவர்களுக்குப் புத்தி சொல்லுகிறார்.

இதே கதை, இத்தாலியிலிருந்து வந்த வீரமாமுனிவர் 18-ஆம் நூற்றாண்டில் எழுதிய பரமார்த்த குருவின் கதையில் எப்படி வருகிறது? எண்ணத் தெரியாமல் அழுகிறவர் சாக்ஷாத் குருவே! கூட அழுகிறவர்கள் மட்டி, மடையன், பேதை, மிலேச்சன், மூடன் என்னும் ஐந்து சீடர்கள். கதை ஒன்றே. வேதாந்தி கையில் குருவை வணங்கச் சொல்லிற்று. கோதம் கதையில் மீன்பிடிக்கிறவனைப் பார்த்துச் சிரிக்கச் சொல்லிற்று. இங்கே குருவைப் பார்த்துச் சிரிக்கச் சொல்லுகிறது. ஒரு ஆளை இடம் மாற்றி வைத்ததும் கதையின் நியாயமே தலைகீழாகிவிட்டது.

1822-இல் லண்டனில் அச்சான அந்தச் சிறு புத்தகத்தில் இன்னும் எவ்வளவோ இருக்கின்றது. ஆறு தூங்குகிறதா விழித்திருக்கிறதா என்று கொள்ளிக்கட்டையை நீரில் வைத்துப் பார்க்கிறார்கள். பூசணிக்காயைக் குதிரை முட்டை என்று பேரம் பேசுகிறார்கள். நமக்கு மிகவும் பிடித்தது வேறொன்று. உட்கார்ந்திருக்கும் கிளையையே ஒரு சீடன் வெட்டுகிறான். வழியே போன புரோகிதன் ஒருவன் "விழுந்துவிடுவாய்" என்கிறான், விழுகிறான். உடனே இவர் திரிகால ஞானி என்று காலில் விழுந்து, எங்கள் குரு எப்பொழுது சாவார் என்று கேட்கிறார்கள். ஆசனம் குளிர்ந்தால் உயிர் போகும் என்று சொல்லிவிட்டு அவன் நடையைக் கட்டுகிறான். பின்னால் ஒரு நாள் ஈரம் பட்டுக் குளிர்ந்ததும் பயம் பிடித்த குரு தேறவேயில்லை. வெட்டின கிளை முறியும் என்று சொன்னது புத்தி. அதைக்கொண்டு சாவு நாளும் தெரியும் என்று நம்பினது மூடத்தனம். ஜோசிய வியாபாரம் முழுவதும் இந்த ஒரு கிளையில் தொங்குகிறது. இதை நாம் பத்துப் பிரசங்கத்தில் சொல்லலாம். பிள்ளை ஒரு சிரிப்பில் தெரிந்துகொள்ளுகிறது. எழுதினவரும் பாதிரியானபடியால், அந்தக் குருமாரையும் சேர்த்தே பிள்ளைகள் சிரித்துக்கொள்ளலாம். அன்னியனை இழிக்கும் மிலேச்சன் என்ற பெயரை மட்டும் நாம் மாற்றிச் சொன்னால் குற்றமில்லை.

இதேபோல் மீன்காரி கதையையும் திருப்பிச் சொல்லிப் பார்ப்போம்.

மீனவன் ஒருவன் பேசுகிற மீனைப் பிடித்து வந்து பெண்சாதியிடம் காட்டினான். அவள் கூடையை இறக்கி வைத்துவிட்டு, "நாங்கள் கொண்டுவரும் மீனுக்கு நாங்களே விலை வைக்க வேண்டும், செய்வாயா?" என்றாள். மீன் யோசித்து, "அம்மா, மாளிகை கேள், இந்த நிமிஷம் தருகிறேன். இது முடியாது" என்றது. "சரி, தலைமுறை தலைமுறையாகக் குடியிருக்கும் இந்த மணலுக்குப் பட்டா கொடு" என்றாள். மீனுக்கு வேர்த்துவிட்டது. "உன்னை மகாராணி ஆக்குகிறேன், சக்கரவர்த்தினி ஆக்குகிறேன். பட்டா மட்டும் என் கையில் இல்லை, அது தாலுக்கா ஆபீசில் இருக்கிறது" என்றது. அவள் புருஷனைப் பார்த்து, "இந்தாய்யா, இது மாய மீன் இல்லை, எலெக்ஷனுக்கு நிற்கிற மீன். குழம்புக்கும் ஆகாது, கொண்டுபோய்க் கடலிலேயே விடு" என்றாள்.

இதிலும் மீன் பேசத்தான் பேசுகிறது. ஆனால் பிள்ளை யாரைப் பார்த்துச் சிரிக்கிறது என்பதைக் கவனியுங்கள்.

மூலக் கதையைக் கெடுக்கலாமா என்று பண்டிதர்கள் கோபித்துக்கொள்ளக்கூடும். கிரிம் சகோதரர்களே கெடுத்திருக்கிறார்களே! 1812-இல் அச்சிட்ட பனிப்பெண் கதையில், பொறாமையால் பெண்ணைக் கொல்லச் சொல்லுகிறவள் பெற்ற தாய். 1819-இல் அச்சிட்டபோது அவளை மாற்றாந்தாய் ஆக்கிவிட்டார்கள். தாயின் கௌரவத்தைக் காப்பாற்றக் கதையை மாற்றலாம், மீன்காரியின் கௌரவத்தைக் காப்பாற்ற மாற்றக்கூடாது என்றால் இது என்ன நியாயம்? ஆனால் மாற்றுகிறவர்களுக்கும் ஒரு எச்சரிக்கை. நொண்டியையும் செவிடனையும் கறுத்த பெண்ணையும் பட்டிக்காட்டானையும் கேலி செய்து சிரிப்பு மூட்டுவது சுலபம். சிரிப்பென்பதற்காக அதை நாம் ஒப்புக்கொள்ள முடியாது. சிரிப்பு மேலே இருக்கிறவன்மேல் விழ வேண்டுமேயல்லாமல் கீழே கிடக்கிறவன்மேல் விழக்கூடாது.

இது வெறும் பொழுதுபோக்கு விஷயமல்ல. 2004-ஆம் வருஷம் டிசம்பர் 26-ந் தேதி காலை சுமத்திராத் தீவுக்கருகே கடலடியில் பூமி அதிர்ந்தது. அந்த அலை சென்னைக் கரைக்கு வந்துசேர ஏறக்குறைய இரண்டரை மணி நேரம் பிடித்தது. அந்நேரத்துக்குள் கரையிலிருப்பவர்களை ஓடச் சொல்ல, பசிபிக் சமுத்திரத்துக்கு இருந்ததுபோல் இந்து மகா சமுத்திரத்துக்கு ஓர் எச்சரிக்கை ஏற்பாடு இல்லை. நமக்கென்று ஐதராபாத்தில் ஒரு நிலையம் 2007-இல்தான் வந்தது. இதைக் "கடல் தாய் கோபித்துக்கொண்டாள்" என்று பிள்ளைக்குச் சொன்னால், மன்னிப்புக் கேட்க வேண்டியவன் மீனவனாகிறான். அடுத்த தடவைக்குச் சூடம் கொளுத்தி வைப்பான். பூமி அதிர்ந்தது என்று சொன்னால், "இரண்டரை மணி நேரம் ஏன் ஒருவரும் எங்களுக்குச் சொல்லவில்லை?" என்று பிள்ளை கேட்கும். பதில் சொல்ல வேண்டியவர்கள் வேறு ஆட்களாகிவிடுவார்கள். ஆறு தூங்குகிறதா என்று கொள்ளி வைத்துப் பார்த்த சீடர்களைக் கண்டு சிரித்துப் பழகிய பிள்ளை, கடல் கோபித்தது என்றாலும் சும்மா கேட்டுக்கொண்டிருக்குமா?

ஆகவே தோழர்களே! சபாக்களிலேயே கேட்டுவந்த கர்நாடக சங்கீதத்தை 2015-இல் ஊரூர் ஒல்காட் குப்பத்துக் கடற்கரைக்குக் கொண்டுவந்து, பறையாட்டத்தோடு ஒரே விழாவில் நடத்திக் காட்டினார்கள். கதைக்கு மேடைகூட வேண்டியதில்லை. சாயந்திரம் வலை உலர்த்தும் இடத்தில் ஒரு விளக்கும் ஒரு பரமார்த்த குரு புத்தகமும் போதும். குப்பத்தானாலும் கிராமத்தானாலும், படிக்கத் தெரிந்த பெண்ணோ பையனோ உரக்கப் படிக்கட்டும். பிறகு கண்ணாடிக் கதையையும், மீன்காரி கதையையும், வலைவீசின கதையையும் சொல்லி, "உனக்குப் பிடித்தபடி மாற்றிச் சொல்" என்று பிள்ளைகளிடமே விட்டுவிடுங்கள். அவர்கள் மாற்றுவது நமக்குப் பிடிக்காமலும் போகலாம். நம்மையே கேலி செய்வதாகவும் இருக்கலாம். அதற்கும் சேர்ந்து சிரிக்கத் தைரியமுள்ளவர்கள் மாத்திரம் கதை சொல்ல உட்காருங்கள்.