பனியில் ஓடும் நாய் வண்டி! ஏறலாமா?

மாட்டு வண்டி நமக்குத் தெரியும். குதிரை வண்டி தெரியும். நாய் இழுக்கும் வண்டி தெரியுமா?

ஐரோப்பாவின் வடக்கே பின்லாந்து என்று ஒரு நாடு இருக்கிறது. அந்த நாட்டின் வட கோடிக்கு லாப்லாந்து என்று பெயர். குளிர்காலம் வந்துவிட்டால் அங்கே தரையே கண்ணுக்குத் தெரியாது. எங்கு பார்த்தாலும் வெள்ளைப் பனி! ஏரிகள் உறைந்து பாறையாகிவிடும். அந்தப் பனியின் மேல் நாய்கள் வண்டி இழுத்துக்கொண்டு ஓடுகின்றன. வண்டிக்குச் சக்கரம் கிடையாது. அடியில் இரண்டு நீளமான சறுக்குக் கட்டைகள், மேலே உட்கார ஒரு தொட்டி. அவ்வளவுதான் வண்டி.

ரோவனியமி, லெவி, முவோனியோ ஆகிய ஊர்களுக்குப் பக்கத்தில் நாய்ப் பண்ணைகள் இருக்கின்றன. குளிர்கால விடுமுறையில் உலகத்தின் பல பாகங்களிலிருந்து குடும்பம் குடும்பமாக அங்கே வருகிறார்கள். அப்பா, அம்மா, பிள்ளைகள், சில சமயம் பாட்டியும் கூட! முன்பின் பழக்கம் இல்லாதவர்களும் ஏறலாம். ஐரோப்பாவில் வேலை பார்க்கும் நம் பிள்ளைகள், ஊரிலிருந்து வரும் பெற்றோருக்குப் பனியைக் காட்ட அங்கே அழைத்துப் போவதும் உண்டு.

வாயில்லா ஜீவனைப் பூட்டி, அதன்மேல் மனிதன் சவாரி செய்யலாமா? இது பாவம் இல்லையா? பலர் இப்படிக் கேட்கிறார்கள். நியாயமான கேள்விதான். போகலாம் என்பதே நமது கருத்து. ஆனால் ஒரு விஷயத்தை விசாரித்துவிட்டுப் போக வேண்டும். அது என்ன என்பதைப் பிறகு சொல்கிறோம். முதலில் வண்டியில் ஏறுவோம்.

பண்ணைக்குள் நுழையும்போதே காது அடைத்துப்போகும். அத்தனை நாய்களும் ஒரே நேரத்தில் குரைக்கும், ஊளையிடும், துள்ளிக் குதிக்கும். குழந்தைகள் பயந்து அம்மாவின் கையைப் பிடித்துக்கொள்ளும். பயப்பட வேண்டாம். அது கோபக் குரைப்பு அல்ல. "என்னைப் பூட்டு, என்னைப் பூட்டு" என்கிற குரைப்பு! வார்ப்பட்டையைக் கையில் எடுத்ததும் நாய்கள் தாமே கழுத்தை நீட்டிக்கொண்டு வரும். ஓடுவதற்கென்றே தலைமுறை தலைமுறையாக வளர்க்கப்பட்ட ஜாதி அது. ஹஸ்கி என்று பெயர். ஒரு நாய் 20 கிலோ, 25 கிலோ எடைதான் இருக்கும். பார்த்தால் இதுவா வண்டி இழுக்கும் என்று தோன்றும். ஆனால் நான்கைந்து நாய்கள் சேர்ந்தால் இரண்டு பெரிய ஆட்களை ஏற்றிய வண்டியை அநாயாசமாக இழுத்துப் போகும்.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. நம் மாட்டு வண்டிக்காரர் மாட்டைக் கிளப்பத்தான் பாடுபடுவார். நாய் வண்டிக்காரருக்கு நிறுத்துவதுதான் பாடு! வண்டியைக் கயிறு போட்டுக் கம்பத்தில் கட்டி வைத்திருப்பார்கள். கயிற்றை அவிழ்த்ததும் வண்டி அம்பு போல் பாயும். அந்தக் கணத்திலேயே எல்லாக் குரைப்பும் நின்றுவிடும். அதற்குப் பிறகு ஒரு சத்தமும் இல்லை. கட்டைகள் பனியில் உரசும் ஓசை. நாய்களின் மூச்சு. வேறொன்றும் இல்லை.

ஓட்டுகிறவர் வண்டிக்குப் பின்னால் நிற்க வேண்டும். வலது கால் ஒரு கட்டையின் மேல், இடது கால் ஒரு கட்டையின் மேல். இரண்டு கட்டைகளுக்கும் நடுவில் பிரேக் இருக்கும். அதைக் காலால் மிதித்தால் இரும்புப் பல் பனியில் பதிந்து வேகம் குறையும். சாட்டை கிடையாது. கடிவாளமும் கிடையாது. முன்னால் பண்ணைக்காரர் தம் வண்டியில் போவார். நம் நாய்கள் அவர் பின்னாலேயே போகும்.

புதிதாக ஏறுகிறவர்களுக்குப் பண்ணைக்காரர் திரும்பத் திரும்பச் சொல்லும் பாடம் ஒன்று உண்டு: என்ன ஆனாலும் கைப்பிடியை விடாதே! விட்டால் நாம் கீழே. வண்டி போய்க்கொண்டே இருக்கும். வண்டிக்குள் உட்கார்ந்திருக்கும் மனைவியும் குழந்தையும் போய்க்கொண்டே இருப்பார்கள்! நாய்கள் நமக்காக நிற்கமாட்டா.

மேடு வந்தால் சும்மா நிற்கக் கூடாது. ஒரு காலை இறக்கிப் பனியை உந்தித் தள்ள வேண்டும். பெரிய மேடாக இருந்தால் இறங்கி வண்டியைத் தள்ளிக்கொண்டே ஓட வேண்டும். தள்ளாமல் நின்றால் நாய்கள் திரும்பிப் பார்க்கும். "நீ என்ன, மூட்டையா?" என்று கேட்பது போல் இருக்கும் அந்தப் பார்வை. இறக்கத்தில் வேறு வேலை. பிரேக்கை மிதித்துக்கொண்டே வர வேண்டும். இல்லாவிட்டால் வண்டி கடைசி ஜோடி நாய்களின் பின்னங்கால்களில் இடித்துவிடும். ஆகவே இது சும்மா உட்கார்ந்து போகும் சவாரி அல்ல. நாயோடு சேர்ந்து நாமும் பாடுபடும் பயணம். பாவம் என்று நினைப்பவர்கள் மனம் இந்த இடத்தில் கொஞ்சம் ஆறும்.

ஓடும்போது நாய்கள் தாகத்துக்கு ஓரத்துப் பனியைக் கவ்வி விழுங்கும். ஓடிக்கொண்டே வேறு காரியங்களையும் முடித்துவிடும்! பின்னால் உட்கார்ந்திருப்பவர் மூக்கைப் பொத்திக்கொள்ள வேண்டியதுதான். விளம்பரப் படங்களில் இது வராது. குழந்தைகளுக்கோ சிரிப்புத் தாங்காது.

சின்னக் குழந்தைகள் வண்டிக்குள் உட்கார்ந்துதான் வர வேண்டும். ஓட்டுவதற்கு வயது வரம்பு பண்ணைக்குப் பண்ணை மாறும். முதல் தடவை போகிறவர்களுக்கு 5 கிலோமீட்டர் போதும். கூடிப் போனால் 10 கிலோமீட்டர். அரை நாள் சவாரி என்று ஆசைப்பட்டுப் பணம் கட்டிவிட்டுப் பாதியில் குழந்தை அழுதால் காட்டில் என்ன செய்வது?

தாய்மார்கள் கவனிக்க வேண்டியது ஒன்று. பூஜ்யத்துக்குக் கீழே 10 டிகிரி, 20 டிகிரி குளிர் இந்த நாய்களுக்குச் சுகம். நமக்கு அப்படி இல்லை. பின்னால் நின்று ஓட்டுகிற அப்பாவுக்கு வியர்க்கும். அசையாமல் உட்கார்ந்திருக்கும் குழந்தைதான் முதலில் விறைக்கும். பண்ணையில் கனமான மேலங்கியும் பூட்சும் கொடுப்பார்கள். உள்ளே போடும் துணி பருத்தியாக இருக்கக் கூடாது. கம்பளியாக இருக்க வேண்டும். பருத்தி வியர்வையை வாங்கி வைத்துக்கொண்டு உடம்பைக் குளிர வைத்துவிடும். குழந்தையின் மூக்கு நுனியையும் கன்னத்தையும் அடிக்கடி பாருங்கள். வெள்ளைத் திட்டுத் தெரிந்தால் உடனே சொல்லி வண்டியை நிறுத்தி, வெறுங்கையை வைத்துச் சூடாக்க வேண்டும். தேய்க்கக் கூடாது.

எந்த மாதம் போகலாம்? எல்லோரும் டிசம்பரில் ஓடுகிறார்கள். அப்போது ரோவனியமியில் பகல் வெளிச்சம் இரண்டு மூன்று மணி நேரந்தான். இன்னும் வடக்கே போனால் சூரியனே உதிக்காது! மார்ச் மாதம் பனியும் இருக்கும், வெயிலும் இருக்கும். குழந்தைகளோடு போகிறவர்களுக்கு மார்ச்சே மேல்.

சவாரி முடிந்ததும் நாய்களைத் தட்டிக்கொடுக்கலாம். பிறகு ஒரு குடிசையில் நெருப்பைச் சுற்றி உட்கார வைத்து, சூடான பழரசம் கொடுப்பார்கள். படம் எடுத்துக்கொள்ளலாம். வண்டி ஏறி ஊர் திரும்பலாம்.

நாம் திரும்பிவிடுவோம். நாய்?

விசாரிக்க வேண்டும் என்று சொன்னோமே, அது இதுதான்!

பனி உருகிய பிறகு

லாப்லாந்து மக்களின் பழைய வண்டி நாய் வண்டி அல்ல. ரெயின்டீர் என்னும் பனிமானைத்தான் அவர்கள் வண்டியில் பூட்டி வந்தார்கள். இழுவை நாய்கள் அங்கே பெருகியது சில பத்து ஆண்டுகளாகத்தான், அதுவும் சுற்றுலாவுக்காகத்தான். நாம் வருவோம் என்று நம்பித்தான் அங்கே குட்டிகள் பிறக்கின்றன. பனிக்காலம் சில மாதந்தான். நாய்க்கு வயிறு பன்னிரண்டு மாதமும் உண்டு. ஒரு பண்ணையில் நூறு நாய் இருந்தால், கோடைகாலத்தில் வருமானம் குறைந்தாலும் நூறு வயிறும் நிரம்ப வேண்டும். 2020-ல் கொரோனா வந்து விமானங்கள் நின்றபோது அந்தப் பண்ணைகள் பட்ட கஷ்டம் கொஞ்சம் அல்ல.

கனடாவில் ஒரு கோரம் நடந்தது. பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணத்தில் விஸ்லர் என்ற ஊர். 2010-ல் வான்கூவர் நகரில் குளிர்கால ஒலிம்பிக் போட்டி நடந்தது. விஸ்லரிலும் சில பந்தயங்கள் நடந்தன. கூட்டம் வந்தது. நாய் வண்டி ஓடியது. போட்டி முடிந்து, சவாரிக்கு ஆள் குறைந்தது. அந்த ஏப்ரலில், "இனி வேண்டாதவை" என்று ஏராளமான நாய்களைக் கொன்று குழியில் போட்டுவிட்டார்கள். மறு ஆண்டு, 2011-ல், விஷயம் வெளியே வந்தது. உலகமே பதறியது. குழியைத் தோண்டியபோது 50-க்கு மேற்பட்ட நாய்களின் உடல்கள் கிடைத்தன. அதன் பிறகுதான் அந்த மாகாண அரசு விழித்துக்கொண்டது. இழுவை நாய்களை எப்படி வைத்துக் காக்க வேண்டும் என்று 2012-ல் தனியாக விதிகள் வந்தன.

பால்டோவின் கதை

புகழ் பெற்ற நாய்க்குக்கூட இந்தக் கதி வந்திருக்கிறது.

1925 ஜனவரி. அலாஸ்காவில் நோம் என்ற ஊரில் குழந்தைகளுக்குத் தொண்டை அடைப்பான் நோய் கண்டது. ஊரில் இருந்தவர் ஒரே டாக்டர். நல்ல மருந்து கையிருப்பில் இல்லை. கடல் உறைந்துவிட்டதால் கப்பல் வராது. அந்தக் குளிரில் விமானம் பறக்காது. ரெயிலில் நெனானா என்ற ஊர் வரைதான் மருந்தைக் கொண்டுவர முடிந்தது. அங்கிருந்து நோமுக்கு 1,085 கிலோமீட்டர்!

நாய் வண்டிகள் புறப்பட்டன. 20 வண்டிக்காரர்கள், சுமார் 150 நாய்கள். ஒருவர் கையிலிருந்து இன்னொருவர் கைக்கு மருந்துப் பெட்டி மாறிக்கொண்டே போனது. ஐந்தரை நாளில், பிப்ரவரி 2-ந் தேதி, மருந்து நோம் போய்ச் சேர்ந்தது. கடைசி வண்டியின் முன்னணி நாய் பால்டோ. (எல்லோரையும் விட அதிக தூரம் ஓடியது டோகோ என்ற இன்னொரு நாய். கடைசியில் வந்தவனுக்குத்தான் மாலை விழுந்தது!)

அதே ஆண்டு டிசம்பரில் நியூயார்க் நகரத்துப் பூங்காவில் பால்டோவுக்குச் சிலை வைத்தார்கள். ஆனால் கொஞ்ச காலத்தில் உயிருள்ள பால்டோவை ஊர் மறந்துவிட்டது. கை மாறிக் கை மாறி, லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் காசு வாங்கிக்கொண்டு வேடிக்கை காட்டும் ஒரு கொட்டகைக்குப் போய்ச் சேர்ந்தது. சரியான கவனிப்பு இல்லை. கிளீவ்லாந்து நகர வியாபாரி ஜார்ஜ் கிம்பிள் 1927-ல் அங்கே போனவர் அதைப் பார்த்துத் திடுக்கிட்டார். விலை கேட்டார். 2,000 டாலர் என்றார்கள். இரண்டு வாரம் தவணை.

கிளீவ்லாந்து பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் சில்லறை சேர்த்தார்கள். பெரியவர்களும் கொடுத்தார்கள். தவணைக்குள் பணம் சேர்ந்துவிட்டது. 1927 மார்ச்சில் பால்டோவும் ஆறு தோழர்களும் கிளீவ்லாந்து வந்தார்கள். ஊரே திரண்டு ஊர்வலம் நடத்தியது. மிருகக்காட்சிச் சாலையில் வசதியாக வாழ்ந்து, 1933-ல் பால்டோ இறந்தது.

நோமின் குழந்தைகளுக்காக ஓடிய நாயை, வேறு ஊர்க் குழந்தைகள் காப்பாற்றினார்கள். எனவே, லாப்லாந்து போகிற குடும்பங்களில் கேள்வி கேட்கும் வேலையைப் பிள்ளைகளிடமே விட்டுவிடலாம் என்பது நமது யோசனை. பெரியவர்கள் கூச்சப்படுவார்கள். பிள்ளைகள் கேட்டுவிடுவார்கள்.

"மாமா, இந்த நாய் கிழடாகிப் போனால் என்ன செய்வீர்கள்?"

பதில் எப்படி வருகிறது என்று பாருங்கள். நல்ல பண்ணைக்காரர் கோபப்படமாட்டார். ஒவ்வொரு நாயின் பெயரும் அவருக்குத் தெரிந்திருக்கும். கிழட்டு நாய்கள் படுத்திருக்கும் இடத்துக்கே அழைத்துப் போய்க் காட்டுவார். வேலை செய்து ஓய்ந்த நாய்களை வீட்டில் வளர்க்க ஆசைப்படும் குடும்பங்களுக்குக் கொடுத்து அனுப்பும் பண்ணைகளும் உண்டு. கோடையில் என்ன வேலை என்று கேட்டால், பனி விழும் முன்பே சக்கர வண்டியில் பூட்டிப் பழக்குவதைப் பற்றிச் சொல்வார். ஒரு நாய் ஒரு நாளைக்கு எத்தனை தடவை ஓடும், எப்போது ஓய்வு என்றும் கேட்கலாம்.

பேச்சை மாற்றினாலோ, நாய்கள் இருக்கும் பக்கம் போகக் கூடாது என்று தடுத்தாலோ, எலும்பும் தோலுமாக ஒரு நாய் கண்ணில் பட்டாலோ, அங்கே ஏற வேண்டாம். அடுத்த பண்ணை அதிக தூரம் இருக்காது. சீட்டு வாங்கும் முன்பே, ஊரிலிருந்து கடிதம் போட்டுக்கூட இதைக் கேட்டுக்கொள்ளலாம்.