பாஸ்போர்ட் புதுப்பிக்க எத்தனை நாள்?

பாஸ்போர்ட்டைப் புதுப்பிக்க எத்தனை நாள் ஆகும்? இந்தக் கேள்வியைச் சர்க்காரிடம் கேட்டால் ஒரு பதில் வருகிறது. கையில் பணமுள்ளவரிடம் கேட்டால் வேறொரு பதில் வருகிறது. சவூதியில் கட்டிட வேலை செய்துவிட்டு இரண்டு மாத லீவில் ஊர் வந்திருக்கும் புதுக்கோட்டைத் தொழிலாளியிடம் கேட்டால் மூன்றாவது பதில் வருகிறது. சட்டம் ஒன்று, காரியாலயம் ஒன்று, பாஸ்போர்ட் புத்தகமும் ஒன்று. நாள் கணக்கு மட்டும் ஏன் மூன்றாக இருக்கிறது? இதைத்தான் நாம் பார்க்க வேண்டும்.

“பாஸ்போர்ட் நமக்கு எதற்கு? அது கனவான்கள் விவகாரம்” என்று ஆலைத் தொழிலாளியும் விவசாயத் தொழிலாளியும் ஒதுக்கிவிட்டிருந்த காலம் போய்விட்டது. சென்னை பெரம்பூரில் பி அண்ட் சி மில் 1996-ல் மூடப்பட்டது. அதைப்போல் எத்தனையோ ஆலைகளின் சங்கு ஓய்ந்துவிட்டது. ஆலை மூடினால் மகன் துபாய்க்குப் போகிறான். ஆற்றில் தண்ணீர் தவறினால் தம்பி மஸ்கட்டுக்குப் போகிறான். உள்ளூரில் வேலை கொடுக்க முடியாத சர்க்கார்கள், அவர்கள் அனுப்பும் பணத்தை அந்நியச் செலாவணி என்று பெருமையாக எண்ணிப் பார்க்கின்றன. அந்தப் பணத்தைச் சம்பாதிப்பவனுக்குப் பாஸ்போர்ட்தான் வேலைச் சீட்டு. அது காலாவதியானால் கூலியும் நின்றுபோகும்.

உரிமையா, தயவா?

ஒரு காலத்தில் சர்க்கார் சொல்லி வந்த வாதம் இது: பாஸ்போர்ட் கொடுப்பதும் மறுப்பதும் எங்கள் இஷ்டம். 1967 ஏப்ரலில் சுப்ரீம் கோர்ட்டு இந்த வாதத்தைத் தள்ளிவிட்டது. வழக்குப் போட்டவர் ஒரு வியாபாரி. ஆனால் ஐந்து நீதிபதிகளில் மூவர் கொடுத்த தீர்ப்பு எல்லோருக்கும் பொதுவானது. வெளிநாடு போகும் உரிமை, அரசியல் சட்டத்தின் 21-வது பிரிவு கூறும் தனிமனித சுதந்திரத்தில் அடங்கும் என்று அவர்கள் தீர்ப்பளித்தார்கள். அதற்குப் பிறகுதான் அதே ஆண்டு ஜூனில் பாஸ்போர்ட் சட்டம் வந்தது. 1978-ல் மேனகா காந்தி வழக்கில் அதே கோர்ட்டு இன்னொரு படி மேலே போயிற்று. சட்டத்தில் ஒரு நடைமுறை எழுதப்பட்டிருந்தால் மட்டும் போதாது, அந்த நடைமுறை நியாயமானதாகவும் இருக்க வேண்டும் என்றது.

ஆனால் 1967-ம் ஆண்டுச் சட்டத்தைப் புரட்டிப் பாருங்கள். மறுத்தால் காரணத்தை எழுதிவைக்க வேண்டும் என்று இருக்கிறது. அப்பீல் செய்யலாம் என்றும் இருக்கிறது. மனுப் போட்டவனுக்கு இத்தனை நாளில் கொடுத்தே தீர வேண்டும், தவறினால் நஷ்ட ஈடு தர வேண்டும் என்ற விதி மட்டும் இல்லை. காலக்கெடு இல்லாத உரிமை, தேதி போடாத செக்கைப் போன்றது. கையில் இருக்கும், காசாக மாறாது.

இரண்டு கணக்கு

உண்மையை மறைக்க வேண்டியதில்லை. முன்னைப்போல் இன்று எல்லோரும் மாதக் கணக்கில் அலைவதில்லை. 2010 முதல் பாஸ்போர்ட் சேவை மையங்கள் வந்தன. 2017 முதல் தபால் ஆபீஸ்களிலும் மையங்கள் திறக்கப்பட்டன. காகிதங்கள் ஒழுங்காக இருந்து, விலாசம் மாறாமல், போலீஸ் விசாரணையும் தேவைப்படாமல் போனால், சில நாட்களிலேயே புதிய புத்தகம் தபாலில் வந்துவிடுகிறது. இது நல்லதுதான். ஆனால் இந்த வசதி முழுமையாக யாருக்குக் கிடைக்கிறது?

36 பக்கப் பாஸ்போர்ட்டுக்குக் கட்டணம் 1500 ரூபாய். ‘தத்கால்’ என்னும் அவசர வழியில் போனால் இன்னும் 2000 ரூபாய், ஆக மொத்தம் 3500 ரூபாய். 2025–26-ம் ஆண்டில் நூறு நாள் வேலைக்குத் தமிழ்நாட்டில் அறிவிக்கப்பட்ட தினக்கூலி 336 ரூபாய். அந்தக் கணக்கில் சாதாரண கட்டணம் ஏறக்குறைய நாலரை நாள் உழைப்பு. அவசரக் கட்டணம் பத்து நாளுக்கும் மேற்பட்ட உழைப்பு.

அந்த 2000 ரூபாய் எதை வாங்குகிறது? கூடுதல் பக்கம் இல்லை, கூடுதல் ஆயுளும் இல்லை. அதே பத்து வருஷந்தான். வாங்கப்படுவது நாட்கள் மட்டுமே. தத்காலில் பெரும்பாலும் போலீஸ் விசாரணைக்குக் காத்திராமல் முதலில் பாஸ்போர்ட் அச்சாகிறது, விசாரணை பிறகு நடக்கிறது. அதே உத்தியோகஸ்தர், அதே அச்சு இயந்திரம், அதே தபால்காரர். 3500 ரூபாய் கட்டியவனுக்கு விரைவாகக் கொடுத்தால் தேசத்துக்கு ஆபத்தில்லை என்றால், 1500 ரூபாய் கட்டியவனுக்கு விரைவாகக் கொடுத்தால் மட்டும் என்ன ஆபத்து? விரைவாகக் கொடுக்க முடியும் என்பதைச் சர்க்காரே நிரூபித்துவிட்டது. அந்த விரைவைக் கடைச்சரக்காக்கி விலை போட்டிருக்கிறது என்பதே நமது குற்றச்சாட்டு.

ஆபீஸ் கணக்கில் வராத நாட்கள்

சர்க்கார் நாளை எண்ணத் தொடங்குவது, மனு கவுண்டரைத் தாண்டிய பிறகு. தொழிலாளிக்கோ அதற்கு வெகு முன்பே நாள் ஓடத் தொடங்கிவிடுகிறது. மனுவைக் கம்ப்யூட்டரில் போட வேண்டும், அதற்கு ஒரு கடைக்காரருக்குக் கூலி. தேதி கிடைக்கக் காத்திருக்க வேண்டும். அந்தத் தேதியில் வேலைக்கு மட்டம் போட்டு, பஸ் ஏறிப் போக வேண்டும். போன இடத்தில் பெயர்த் தகராறு முளைக்கும். நமது ஊரில் பெயருக்கு முன்னால் அப்பன் பெயரின் முதல் எழுத்தைப் போடுவது வழக்கம். பாஸ்போர்ட்டோ அந்த எழுத்தை விரித்து முழுப் பெயராக எழுதச் சொல்கிறது. பள்ளிச் சான்றில் ஒரு விதம், ஆதாரில் ஒரு விதம், ரேஷன் கார்டில் வேறு விதம். எழுதியவர்கள் சர்க்கார் சிப்பந்திகள். திருத்த அலைபவன் தொழிலாளி. ஒவ்வொரு அலைச்சலும் ஒரு நாள் கூலி.

சொந்த வீடும் நிலையான விலாசமும் உள்ளவனுக்குக் காகிதம் தானாக ஒழுங்காக இருக்கும். வாடகைக் குடிசையில் இருப்பவனுக்கும், கரும்பு வெட்டவும் செங்கல் அறுக்கவும் ஊர் ஊராகப் போகிறவனுக்கும், மில் விடுதியில் தங்கியிருப்பவளுக்கும் விலாசச் சான்றே பெரிய மலை. எல்லோருக்கும் ஒரே விதி என்கிறார்கள். அந்த விதி, வீடுள்ளவனை மனதில் வைத்து எழுதப்பட்ட விதி.

அடுத்தது போலீஸ் விசாரணை. 21 நாளுக்குள் அறிக்கை தந்தால் ஒரு மனுவுக்கு 150 ரூபாய், தாமதித்தால் 50 ரூபாய் என்று வெளிவிவகார இலாகா மாநிலப் போலீசுக்குப் பணம் கொடுக்கும் ஏற்பாடு உண்டு. அதாவது, இந்த வேலைக்கான செலவைச் சர்க்கார் ஏற்கெனவே கொடுக்கிறது. அப்படியிருக்க, தொழிலாளியின் வீட்டு வாசலில் “டீச் செலவு” எங்கிருந்து வருகிறது? விசாரணைக்கு வரும்போது அவன் ஷிப்டில் இருந்தால், “விலாசத்தில் ஆள் இல்லை” என்று எழுதிவிட்டால் போதும். மனு திரும்பிவிடும். மறுபடி அலைச்சல், மறுபடி வாரக் கணக்கு.

போராட்டத்துக்குப் போனவனுக்கு இன்னொரு தொல்லை. கூலி உயர்வு கேட்டு மறியல் செய்தால் வழக்கு. கிரிமினல் வழக்கு கோர்ட்டில் நிலுவையில் இருந்தால் பாஸ்போர்ட் மறுக்கலாம் என்று சட்டத்தின் 6-வது பிரிவு சொல்கிறது. இதைக் காட்டிப் பயமுறுத்துகிறவர்கள் இருக்கிறார்கள். தோழர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். போலீஸ் ஸ்டேஷனில் முதல் தகவல் அறிக்கை பதிவானது மட்டுமே, கோர்ட்டில் வழக்கு நிலுவையில் இருப்பதாக ஆகாது என்று சென்னை ஹைகோர்ட்டு உட்படப் பல கோர்ட்டுகள் கூறியிருக்கின்றன. வழக்கு கோர்ட்டுக்குப் போயிருந்தாலும் கதவு அடைபட்டுவிடவில்லை. அந்தக் கோர்ட்டின் அனுமதி பெற்றுப் பாஸ்போர்ட் வாங்க 1993-ம் ஆண்டு அறிவிக்கை வழி வைத்திருக்கிறது.

முதலாளியின் பெட்டியில் பூட்டிய புத்தகம்

வளைகுடாவில் இருக்கும் தொழிலாளியின் நிலை இதைவிட மோசம். பல நாடுகள் பாஸ்போர்ட்டில் குறைந்தது ஆறு மாத ஆயுள் மிச்சமிருக்க வேண்டும் என்கின்றன. அதனால் பத்து வருஷப் பாஸ்போர்ட் உண்மையில் ஒன்பதரை வருஷப் பாஸ்போர்ட்தான். புதுப்பிக்க வேண்டுமானால் பழைய புத்தகம் கையில் வேண்டும். அதுவோ பல இடங்களில் முதலாளியின் பெட்டியில் இருக்கிறது. அவன் மனம் வைத்தால்தான் மனுப் போட முடியும். அவனுக்கு அவசரமில்லை. காகிதம் காலாவதியான தொழிலாளி வாய் திறக்க மாட்டான், சம்பள பாக்கி கேட்க மாட்டான். தாமதம் அங்கே முதலாளிக்கு லாபம்.

1967-ம் ஆண்டுச் சட்டத்தின் 17-வது பிரிவு என்ன சொல்கிறது? பாஸ்போர்ட் எந்நேரமும் மத்திய சர்க்காரின் சொத்து என்கிறது. அப்படியானால், அதைப் பூட்டி வைத்திருக்கும் முதலாளி, இந்தியச் சர்க்காரின் சொத்தைப் பூட்டி வைத்திருக்கிறான். இங்கே பாஸ்போர்ட்டைத் தொலைத்துவிட்டு வரும் ஏழையிடம் ஆயிரம் கேள்வி கேட்கும் சர்க்கார், அந்த முதலாளியிடம் ஒரு கேள்வி கேட்கட்டுமே!

சர்க்காரின் பார்வை எப்படிப்பட்டது என்பதற்கு 2018 ஜனவரி ஒரு சாட்சி. பத்தாவது தேறாத தொழிலாளிகள் போன்றவர்களின் பாஸ்போர்ட்டுக்கு ‘குடிபெயர்ச்சிச் சோதனை தேவை’ என்ற அடையாளம் உண்டு. வளைகுடா உட்பட 18 நாடுகளுக்கு வேலைக்குப் போக அவர்கள் தனி அனுமதி வாங்க வேண்டும். அவர்களுக்கு ஆரஞ்சு நிற அட்டை போட்ட தனிப் பாஸ்போர்ட் கொடுப்போம் என்று அந்த மாதம் சர்க்கார் அறிவித்தது. படித்தவனுக்கு நீலம், பாட்டாளிக்கு ஆரஞ்சு! எதிர்ப்புக் கிளம்பியது. அதே மாதம் 30-ந் தேதி அந்தத் திட்டம் கைவிடப்பட்டது. எதிர்த்ததால் நிறம் போயிற்று. ஆனால் காத்திருக்கும் நாட்களில் அந்த நிற பேதம் இன்னும் இருக்கிறது.

குமாஸ்தா நமது எதிரி அல்ல

இத்தனைக்கும் கவுண்டரில் உட்கார்ந்திருப்பவர்மீது பாய்வதில் பயனில்லை. மையங்களில் முதல் கவுண்டர் வேலை தனியார் கம்பெனியின் சிப்பந்திகளிடம் இருக்கிறது. சரிபார்ப்பதும் அனுமதிப்பதும் சர்க்கார் ஊழியர்கள். மனுக்கள் குவியும்போது ஆள் போதாவிட்டால் அவர்கள் என்ன செய்வார்கள்? ஆலையில் நாலு தறிக்கு ஓர் ஆளை நிறுத்துவதும், ஆபீஸில் நாலு பேர் பைலை ஒருவர் தலையில் கட்டுவதும் ஒரே கொள்கைதான். நமது அலைச்சலும் அவர்களது வேலைப் பளுவும் ஒரே இடத்திலிருந்து வருகின்றன.

நாம் கோருவது

புதுப்பிக்கும் மனுவுக்குக் காலக்கெடுவைச் சட்டத்திலேயே எழுது. தவறினால், இழந்த கூலியை நஷ்ட ஈடாகக் கொடு.

வேலை விசாவின் தேதி நெருங்கிய தொழிலாளிக்குக் கூடுதல் கட்டணமில்லாமல் அவசர வழியைத் திற.

போலீஸ் அறிக்கை 21 நாளில் வராவிட்டால், மனுதாரரைத் தண்டிக்காமல் பாஸ்போர்ட்டைக் கொடு. விசாரணைக்கு வரும் நேரத்தை முன்கூட்டியே சொல்.

தாலுகாதோறும் தபால் ஆபீஸில் மையம் திற. ஞாயிற்றுக்கிழமையும் திற. அதற்கு வேண்டிய நிரந்தர ஊழியர்களை நியமி.

பாஸ்போர்ட்டைப் பூட்டி வைக்கும் வெளிநாட்டு முதலாளிமீது தூதராலயம் நடவடிக்கை எடுக்கட்டும்.

கோரிக்கை வெற்றி பெறும்வரை நாம் கையைக் கட்டிக்கொண்டிருக்க வேண்டியதில்லை. காலாவதியாவதற்கு ஒரு வருஷம் முன்பே மனுப் போடலாம். இது பலருக்குத் தெரியாது. லீவில் ஊர் வரும் ஒவ்வொரு தொழிலாளியும் வந்த முதல் வாரத்திலேயே தேதியைப் பார்க்க வேண்டும். மொத்தம் மூன்று வருஷத்துக்கு மேல் வெளிநாட்டில் இருந்தவர்களும், 50 வயதைக் கடந்தவர்களும், புதுப்பிக்கும்போதே அந்தச் சோதனை அடையாளத்தை நீக்கக் கேட்கலாம். மறுத்தால் காரணத்தை எழுத்தில் கேட்டு வாங்க வேண்டும். ஏஜெண்டிடம் பழைய பாஸ்போர்ட்டைக் கொடுத்துவிட்டு வெறுங்கையோடு நிற்கக் கூடாது.

இந்த விவரங்களை ஒவ்வொரு சங்கக் காரியாலயத்திலும் எழுதி ஒட்டுவோம். வாரம் ஒரு நாள், கம்ப்யூட்டர் தெரிந்த இளந்தோழர் ஒருவர் உட்கார்ந்து மனுக்களைப் பூர்த்தி செய்து கொடுக்கட்டும். யாருக்கு எத்தனை நாள் ஆயிற்று, எத்தனை நாள் கூலி போயிற்று, எங்கே கை நீட்டினார்கள் என்று ஒரு நோட்டில் குறித்து வையுங்கள். அந்த நோட்டு நிறையும்போது, “எல்லாம் விரைவாக நடக்கிறது” என்று மேடையில் பேசும் மந்திரிக்கு முன்னால் அதை விரித்து வைப்போம்.

எத்தனை நாள் ஆகும் என்று இதுவரை நாம் கவுண்டரில் நின்று கேட்டோம். இனி, இத்தனை நாளுக்கு மேல் ஆகக் கூடாது என்று ஒன்றுகூடி நின்று சொல்வோம்.