கம்பளை ஸாஹிராவும் எங்கட சேர்விடாப்பும்



முதலாம் தர அனுமதிக் காலம் வந்தால் கொலன்னாவையில் ஒரே பேச்சுத்தான். யாருக்குக் கொழும்புக்குள் கிடைத்தது, யார் எந்த விலாசத்தைக் காட்டினார்கள், யார் யாரைப் பிடித்தார்கள். எங்களிடம் வரும் பெற்றார், "சேர், உங்கட ஸ்கூல் நல்லந்தான், ஆனா..." என்று நிறுத்துவார்கள். அந்த "ஆனா"வுக்குப் பிறகு வருவதைக் கேட்டுக் கேட்டு எங்களுக்கு மனப்பாடம்.

இதற்குப் பதிலாகக் கம்பளை ஸாஹிராவின் கதையைச் சொல்லத் தோன்றுகிறது.

1892இல் கண்டியைச் சேர்ந்த சித்தி லெப்பையும் கொழும்பின் வாப்பிச்சி மரைக்காரும் மருதானையில் தொடங்கியதுதான் ஸாஹிரா. அதன் அதிபராக 1921இல் வந்த டி.பி. ஜாயா, கொழும்புப் பிள்ளைகள் மட்டும் படித்தால் சமூகம் படித்ததாகாது என்று நினைத்தார். மாத்தளை, புத்தளம், அளுத்கமை என்று கிளைகள் போயின. 1942இல் மலைநாட்டில் கம்பளைக்கும் ஒன்று கிடைத்தது. உலக யுத்தம் நடந்துகொண்டிருந்த வருடம் அது. அந்த ஏப்ரலில்தான் ஜப்பான் விமானங்கள் கொழும்பில் குண்டு போட்டன. கன்னங்கராவின் இலவசக் கல்வி வர இன்னும் மூன்று வருடங்கள் இருந்தன.

கம்பளை யாரென்றும் நினைவுபடுத்த வேண்டும். 1915 கலவரத்துக்கு முன்னோடியான பெரஹர வழக்கு அந்த ஊர்ப் பள்ளிவாசல் வீதியைப் பற்றியதுதான். அடிபட்ட அந்தச் சமூகம், ஒரு தலைமுறைக்குள் தன் ஊரிலேயே ஒரு கல்லூரியை நிறுத்திக் காட்டியது. பிள்ளைகளைக் கொழும்புக்கு அனுப்பிவிட்டுச் சும்மா இருக்கவில்லை.

அந்தக் கல்லூரியில் நீண்ட காலம் அதிபராக இருந்தவர் பதியுதீன் மஹ்மூத். 1960இல் அவர் கல்வி அமைச்சரானார். உதவி பெறும் பாடசாலைகளை அரசாங்கம் பொறுப்பேற்கும் சட்டத்தைக் கொண்டுவந்தவரும் அவரே. சமூகப் பாடசாலை ஒன்றைக் கட்டி வளர்த்தவர் கையாலேயே அது நடந்தது. கத்தோலிக்கர்கள் பாடசாலைகளுக்குள் இருந்து போராட்டம் செய்தார்கள். எங்கள் கருத்தில் அந்தச் சட்டம் சரியானது. ஏழைப் பிள்ளைக்குக் கதவு திறந்தது அதனால்தான். ஆனால் ஒன்று நடந்துவிட்டது. சம்பளம் அரசாங்கம், கட்டடம் அரசாங்கம், அப்போது பாடசாலையும் அரசாங்கத்துடையதுதானே என்று ஊர் கையைக் கழுவிக்கொண்டது. கம்பளையைச் சொல்லவில்லை, எங்களைச் சொல்கிறோம்.

2016 மே வெள்ளத்தில் களனி கங்கை வீட்டுக்குள் வந்தது உங்களுக்கு மறக்காது. எங்கள் பாடசாலைக்குள்ளும் வந்தது. பழைய சேர்விடாப்புகள் சேறாகிப் போயின. மேசை கதிரைக்குப் பிறகு நன்கொடை வந்தது, அல்ஹம்துலில்லாஹ். இடாப்பைப் பற்றி ஒருவரும் கேட்கவில்லை. இந்த ஊரில் முதலில் படித்த பெண்பிள்ளை யார், முதன்முதல் பல்கலைக்கழகம் போனது யார் என்று இன்று எங்கள் மாணவர் கேட்டால் காட்ட எங்களிடம் தாள் இல்லை. பெருமைப்பட ஒன்றுமில்லாத பாடசாலைக்கு யார் பிள்ளையைச் சேர்ப்பார்?

அதனால் ஒரு வேலை தொடங்கியிருக்கிறோம். உம்மா வாப்பாவின் பழைய தேர்ச்சி அறிக்கை, விடுகைப் பத்திரம், விளையாட்டுப் போட்டிப் படம், எது இருந்தாலும் கொண்டுவாருங்கள். படம் பிடித்துவிட்டு அங்கேயே திருப்பித் தருவோம். வெள்ளிக்கிழமை ஜுமுஆ முடிந்ததும் பாடசாலைக் கேற் திறந்திருக்கும். மூத்த உம்மம்மாமார் வர முடியாவிட்டால் சொல்லியனுப்புங்கள், நாங்களே வீட்டுக்கு வருகிறோம்.