ஆறிய விரலும் ஆறாத வலியும்

கால் கட்டைவிரல் முறிந்தால் பலரும் அதை முறிவாகவே மதிப்பதில்லை. பக்கத்து விரலோடு சேர்த்துக் கட்டி, சில வாரம் போனால் சரி என்பார்கள். எலும்பு கூடிவிடும், செருப்புப் போட்டால் மட்டும் விண்விண்ணென்று தெறிக்கும். இந்த மிச்ச வலியை எப்படிப் பதிவது? அமெரிக்க மருத்துவக் கோப்புகளுக்குச் சென்னையில் உட்கார்ந்து நோய்க்குறியீடு (கோடு) போடும் ‘கோடர்’களான நம் பிள்ளைகளுக்கு இது அன்றாடக் கேள்வி. அங்கே 2015 அக்டோபர் முதல் நடப்பில் உள்ள ஐசிடி-10-சிஎம் என்ற நோய்க்குறியீட்டு முறையில் விதி தெளிவு. இன்றைய தொல்லை முதலில்: வலது கால்விரல் வலிக்கு எம்79.674. அதைத் தந்த பழைய காயம் பின்னால்: வலது கட்டைவிரல் அடியெலும்பு விலகி முறிந்திருந்தால் எஸ்92.411, அதன் வாலில், ஏழாவது எழுத்தாக, பின்விளைவைக் குறிக்கும் இன்னொரு ‘எஸ்’. முறிவுக்கும் வலிக்கும் இடையே எத்தனை ஆண்டு ஓடியிருந்தாலும் தடையில்லை. ஆனால் எலும்பு இன்னும் இயல்பாகக் கூடிக்கொண்டிருந்தால் அந்த ஏழாவது எழுத்து ‘டி’தான் (D), கோணலாகக் கூடியதற்குச் சிகிச்சை நடந்தால் ‘பி’ (P). தவறினால் காப்பீட்டுக் கோரிக்கை திரும்பி வரலாம், திட்டு கோடருக்குத்தான். என்னைக் கேட்டால், பாதிப் பழி மருத்துவர் குறிப்புக்கு. “கால்விரல் வலி” என்று மட்டும் எழுதினால், பழைய முறிவுதான் காரணம் என்று கோடர் ஊகிக்கக் கூடாது. மருத்துவரைத்தான் கேட்க வேண்டும். டாக்டர்களே, “பழைய முறிவால் வந்த வலி” என்று இன்னும் மூன்று சொல் சேர்த்து எழுதுங்கள்.