புதுமணச் சோடியும் ஒரு வீடும்

பஸ்டர் கீட்டன் 1920 இல் எடுத்த ‘ஒன் வீக்’ இரண்டு சுருள் ஊமைப்படம். அரை மணி நேரம்கூட ஓடாது. புதிதாக மணமுடித்த சோடிக்கு மாமா ஒருவர் காணியும், துண்டு துண்டாகப் பெட்டிகளில் அடைத்த பலகை வீடும் கொடுக்கிறார். அந்தப் பெண்ணை விரும்பித் தோற்றவன் பெட்டிகளின் இலக்கங்களை மாற்றிவிடுகிறான். சுவர் கோணுகிறது, மேல்மாடிக் கதவு வெறும் வெளிக்குத் திறக்கிறது, புயலில் வீடே பம்பரமாய்ச் சுழல்கிறது. கட்டியதோ பிழையான காணியில். சரியான காணிக்கு இழுத்துப் போகையில் வீடு தண்டவாளத்தில் சிக்குகிறது. ஒரு ரயில் பக்கத்துப் பாதையால் போக, இருவரும் ஆறுதலடைகிறார்கள். எதிர்த்திசையில் வந்த மற்றையது வீட்டை நொறுக்குகிறது. ‘விற்பனைக்கு’ என்ற அட்டையை இடிபாட்டில் வைத்துவிட்டு, சேர்ந்தே நடக்கிறார்கள்.

வன்னியில் எங்கள் பூநகரிக்கு இது அந்நியக் கதையா? 2008 இல் போரால் இடம்பெயர்ந்து, திரும்பி வந்து தறப்பாளுக்குள் குடும்பம் நடத்தி, வீட்டுத்திட்டத்துக்குப் பெயர் கொடுத்துக் காத்திருந்த இளஞ்சோடிகள் இங்கே எத்தனை! அந்தத் தறப்பாளுக்குள்ளும் ஊடல் இருந்தது, சிரிப்பு இருந்தது. வன்னிக்கு வந்த கமராக்கள் அழுகையைத்தான் தேடின. அழுகை உண்மைதான், ஆனால் அது மட்டுமே எங்கள் வாழ்வாகிவிடக் கூடாது.

அந்தச் சிரிப்பையும் நாங்களே படமாய் எடுக்க வேண்டும். எடுத்தால் மட்டும் போதாது, பேணவும் வேண்டும். இலங்கையின் முதற்படம் ‘இராஜகீய விக்கிரமய’ 1925 இன் ஊமைப்படம். பின்னாளில் நிதியமைச்சரான என். எம். பெரேரா அதில் நாயகன். பம்பாயிலும் சிங்கப்பூரிலும் ஓடியது. இலங்கையர் பார்க்குமுன் எரிந்துபோனது. அக்கால நைத்திரேற்றுச் சுருள் பற்றினால் தனக்கான ஒட்சிசனைத் தானே தரும், தண்ணீருக்குள்ளும் எரியும். வெள்ளிக்காக உருக்கப்பட்ட சுருள்களும் ஏராளம். அமெரிக்காவின் ஏறத்தாழ 11,000 முழுநீள ஊமைப்படங்களில் 14 வீதமே மூல வடிவில் முழுமையாக உள்ளன என்கிறது காங்கிரஸ் நூலகத்தின் 2013 ஆய்வு.

சின்னச் சிரிப்புப் படங்கள் பலவற்றைக் காப்பாற்றியவை வீட்டுப் பிரதிகள். 1922 இல் 9.5 மில்லிமீற்றர், அடுத்த ஆண்டு 16 மில்லிமீற்றர் என எளிதில் தீப்பற்றாத சுருள்கள் வந்தன. பிள்ளைகளோடு பார்த்துச் சிரிக்கச் சனம் அவற்றை வாங்கியது. சாப்ளின் நடித்த 1914 இன் படமொன்று இப்படியான சுருளொன்றில்தான் மிச்சிகனில் பழம்பொருள் விற்பனையில் அகப்பட்டது.

கைத்தொலைபேசியில் குறும்படம் எடுக்கும் எங்கள் பிள்ளைகள் அந்தத் தறப்பாள் காதலை எடுக்கட்டும். எடுத்ததை ஒரு கணினிக்குள் பூட்டி வைக்காமல் பள்ளிக்கூடத்துக்கு ஒன்று, நூலகத்துக்கு ஒன்று, ரொறன்ரோ உறவுக்கு ஒன்று எனப் பிரதி கொடுக்கட்டும். 1981 இல் யாழ். நூலகம் எரிந்தபோது, வேறெங்கும் பிரதியில்லாத சுவடிகள் அன்றோடு போயின.