எந்த ‘அடுத்த வாரம்’?

என் அப்பாவுக்குச் சிங்கப்பூரில் வேலை. விடியற்காலை 4.30 மணிக்கு மோட்டாரை எடுத்தால் இரவு 8, 9 மணிக்குத்தான் வீடு திரும்புவார். ஜொகூர் பாருவில் எங்களைப் போன்ற குடும்பங்கள் ஏராளம். 6 வயதுத் தம்பி சன்னலோரம் நாற்காலி போட்டு ஏறி நிற்பான். தெருவில் எத்தனை மோட்டார் போனாலும் அப்பாவுடைய சத்தம் அவனுக்குத் தனியாகத் தெரியும்.

2020 மார்ச் 18-ஆம் தேதி நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை தொடங்கியது. வேலை போய்விடக் கூடாதே என்று முதல் நாளே அப்பா நான்கு சட்டைகளோடு கடற்பாலத்தைக் கடந்துவிட்டார். இரண்டு வாரம்தான் என்றது அறிவிப்பு. தம்பியிடமும் அதையே சொன்னோம்.

ஆணை நீண்டது. மீண்டும் நீண்டது. “அடுத்த வாரம் வந்துடுவாரு” என்றார் அம்மா. நானும் அப்படியே சொன்னேன். படிவம் இரண்டில் படித்த எனக்கு அது பொய் என்று தெரியாதா? அவன் அழாமல் தூங்கினால் போதும் என்றிருந்தது. வீடியோ அழைப்பில் தினமும் அப்பாவைப் பார்ப்பான். பேசி முடித்ததும் சன்னலுக்கே போய்விடுவான். சில மாதங்களில் கேட்பதை நிறுத்திவிட்டான். “பழகிட்டான்” என்று அம்மா பெருமூச்சு விட்டார்.

தனிமைப்படுத்தும் நிபந்தனையோடு வந்துபோக இடையில் வழி பிறந்தது. அவ்வளவு நாள் விடுப்பு அப்பாவுக்குக் கிடைக்கவில்லை. 2021 நவம்பர் 29-ஆம் தேதி தரைவழிப் பயணம் தனிமைப்படுத்தல் இல்லாமல் திறந்தது. அப்பாவுக்கும் பேருந்துச் சீட்டு கிடைத்தது. அடுத்த வாரம் வருகிறார் என்று ஓடிப்போய்ச் சொன்னேன். தம்பி நிமிரக்கூட இல்லை. “எந்த அடுத்த வாரம், அக்கா?” என்றான்.

அவன் பழகவில்லை. எங்களை நம்புவதை விட்டிருந்தான்.

அம்மாவை நான் குறை சொல்லவில்லை. தனியாளாக வீட்டைத் தாங்கியவர் அவர். ஆனால் பிள்ளைகள் பிரிவைவிட, தள்ளிக்கொண்டே போகும் தேதியில்தான் அதிகம் உடைகிறார்கள் என்பது என் கருத்து. “எப்போது என்று எங்களுக்கும் தெரியாதுடா. ஆனால் இன்று இரவு 8.30-க்குக் கூப்பிடுவார்” என்று சொல்லியிருக்கலாம். அழுதிருப்பான். அழட்டுமே, கூடவே உட்கார்ந்திருக்கலாம்.

புக்கிட் சாகாரிலிருந்து உட்லண்ட்ஸ் நார்த்துக்கு ரயிலில் 5 நிமிடம்தான் ஆகுமாம். நல்லதுதான். ஆனாலும் கூடுதல் நேர வேலையும் இரவு வேலையும் இருக்கும்வரை, சன்னலோரம் யாராவது ஒரு பிள்ளை நிற்கும். உங்கள் வீட்டில் அப்படி ஒரு தம்பியோ தங்கையோ இருந்தால், அம்மா சமையலில் இருக்கும்போது கேள்வி முதலில் உங்களிடம்தான் வரும். தெரிந்ததை மட்டும் சொல்லுங்கள்.

தம்பிக்கு இப்போது 12 வயது. போன வாரம் கடைக்குக் கிளம்பும்போது, “10 நிமிஷத்துல வந்துடுறேன்” என்றேன். அவன் கடிகாரத்தைப் பார்த்தான்.