எதிர்முனையில் நிற்பவர்



உதகமண்டலத்தின் யூனியன் சபையில் 1900 முதல் 1906 வரை போதகராக இருந்தவர் ஓர் இங்கிலாந்து டெஸ்ட் வீரர். அவர் பெயர் சார்லஸ் தாமஸ் ஸ்டட். 1882-இல் ஓவல் மைதானத்தில் இங்கிலாந்து 7 ரன்களில் தோற்றது. ஆஷஸ் என்னும் பெயர் பிறந்தது அந்தத் தோல்வியால்தான். கடைசி விக்கெட் விழுந்தபோது, ஒரு பந்தையும் சந்திக்காமல் எதிர்முனையில் நின்றவர் ஸ்டட்.

1885-இல் புகழின் உச்சியில் ஆட்டத்தை விட்டு அவர் சீனாவுக்கு மிஷனெரியாகச் சென்றார். தந்தைவழிச் சொத்தாக வந்த ஏறத்தாழ 29,000 பவுண்டில் பெரும்பகுதியைத் தானமாக வழங்கினார். மீதியை மணப்பெண் பிரிசில்லாவிடம் தந்தபோது, அதையும் கொடுத்துவிடலாம் என்றார் அந்த அம்மையார். அந்தத் தியாகம் இருவருடையது.

இதை நாம் பிரசங்க மேடைகளில் அடிக்கடி சொல்கிறோம். பிற்பகுதியைச் சொல்லத் தயங்குகிறோம். 1910-இல், மனைவி நோயுற்றிருக்கையில், ஸ்டட் ஆப்பிரிக்காவுக்குப் புறப்பட்டார். 1916-இல் காங்கோவுக்குச் சென்றவர் 1931-இல் மரிக்கும்வரை தாயகம் திரும்பவில்லை. பிரிசில்லாவோ இங்கிலாந்திலிருந்து மிஷன் பணிகளைத் தாங்கினார். 1928-இல் ஒரே ஒருமுறை காங்கோவுக்குச் சென்று, சில நாட்கள் மட்டும் கணவரோடு இருந்தார். மறு ஆண்டே மரித்தார்.

ஸ்டட்டின் வைராக்கியத்தை நான் குறைத்து மதிப்பிடவில்லை. ஆனால் அந்தப் பிரிவை ஊழியத்தின் இலக்கணமாகப் போற்றுவது தவறு என்றே கருதுகிறேன். சபையை விசாரிப்பவனுக்கு அவன் வீட்டையே முதல் சோதனையாக வைக்கிறார் பவுல் (1 தீமோத்தேயு 3). ஒருவர் ஓட, மற்றவர் நின்ற இடத்திலேயே நின்றால் ரன் கிடைக்காது என்பதைப் பெசன்ட் நகர் மணலில் ஆடும் பிள்ளைகளும் அறிவார்கள்.

நம் அடையாறு வீடுகளிலும் இது நடக்கிறது. சபைக் கமிட்டி, ஜெபக்கூட்டம், பாடகர் குழு என்று மாலைதோறும் புறப்படுகிறோம். வீட்டில் பிள்ளையின் பாடத்தையும் முதிய பெற்றோரின் மருந்தையும் தனியே பார்த்துக்கொள்பவரின் சம்மதத்தைக் கேட்டோமா? கேட்காமல் எடுத்த காணிக்கை நம்முடையதன்று.

இந்த வாரம் அந்தக் கேள்வியை வீட்டில் கேளுங்கள். பதிலைப் பொறுமையாய்க் கேளுங்கள். கர்த்தர்தாமே உங்கள் இல்லங்களை ஆசீர்வதிப்பாராக. ஆமென்.